கதவிடுக்கில் நின்று கேட்டவர்

லண்டனில் இருக்கும் என் சித்தப்பா மகள் போன மாதம் ஊருக்கு வந்தபோது, கேட்டு வைத்திருந்த டிவிடியை மறக்காமல் கொண்டுவந்தாள். ஈரானிய இயக்குநர் பஹ்மான் கோபாதி எடுத்த 'நோ ஒன் நோஸ் அபௌட் பெர்ஷியன் கேட்ஸ்'. ஈரானியப் பூனைகளைப் பற்றி யாருக்கும் தெரியாது என்று அர்த்தம். அதே வாரம் 'ஐ ஏகேஏ ஐ' என்ற ஆல்பத்தையும் காசு கொடுத்து டவுன்லோட் செய்துகொண்டேன். 2016-இல் லண்டனின் நிஞ்சா ட்யூன் நிறுவனம் வெளியிட்டது. பாடகர் பெயர் இருக்கும் இடத்தில் ஆஷ் கூஷா என்று போட்டிருக்கும். படத்தில் நாயகனாக வரும் அஷ்கான் கூஷாநெஜாத்தும் இவரும் ஒரே ஆள்தான். இரண்டையும் சேர்த்து வாங்கலாமா, எதை முதலில் எடுப்பது, எதில் போட்டுக் கேட்பது என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

என் பிழைப்பே சத்தம்தான். சாலிகிராமத்தில் ஒரு டப்பிங் தியேட்டரில் 19 வருடமாக சவுண்ட் இன்ஜினியராக இருக்கிறேன். அதற்கு முன் 4 வருடம் கோரஸ் பாடப் போய்க்கொண்டிருந்தேன். அதனால் ஒரு படத்தைப் பார்க்கும்போது காது முதலில் போகும், கண் பின்னால் வரும். இந்த விமர்சனமும் அப்படித்தான் இருக்கும்.

முதலில் டிவிடி. இந்தப் படத்தை நான் 2010-இல் ஒரு திருட்டு டிவிடியில் பார்த்தேன். ஒரு சந்துக் கடையில் வாங்கியது. ஸ்டீரியோவில் ஒரு பக்கம் மட்டும் சத்தம் வந்தது. உதடு அசைந்து அரை நொடி கழித்துத்தான் குரல் கேட்கும். பாதிப் படம் தாண்டியதும் டிஸ்க் நின்றுவிட்டது. திரும்பப் போய்க் கேட்டதற்கு, "வேற படம் எடுத்துக்கங்க மேடம்" என்று ஒரு கட்டை எடுத்து நீட்டினார்கள். எனக்கு வேறு படம் வேண்டியிருக்கவில்லை. முடிவு தெரியாமலே இத்தனை வருடம் அந்தப் பையனும் பெண்ணும் என் மனசில் இருந்தார்கள்.

அசல் டிஸ்க்கில் ஒரு சங்கதி கவனிக்க வேண்டும். டிவிடிகளை உலகப் பகுதிவாரியாகப் பிரித்து 'ரீஜன்' எண் போட்டுப் பூட்டியிருப்பார்கள். பிரிட்டனில் விற்பது ரீஜன் 2. நம் ஊர் ரீஜன் 5. சாதாரண பிளேயரில் போட்டால் ஏற்காது. எல்லா ரீஜனும் ஓடும் பிளேயர் வேண்டும், இல்லாவிட்டால் கம்ப்யூட்டரில் பார்க்க வேண்டும். அமெரிக்காவில் வாங்கினால் ரீஜன் 1, அதற்கும் இதே கதைதான். ஈரான் இருப்பதும் ரீஜன் 2-இல்தான். ஆனால் இந்தப் படத்துக்கு அந்த ஊரில் அனுமதியே கிடையாது. எடுக்கும்போதே அனுமதி இல்லை. 17 நாளில், தெஹ்ரான் தெருக்களிலும் நிலவறைகளிலும் மொட்டை மாடிகளிலும், கையடக்க டிஜிட்டல் கேமராவை வைத்துக்கொண்டு ஒளிந்து ஒளிந்து எடுத்தார்கள். 2009-இல் கான் விழாவுக்குப் போய் அன் செர்டன் ரிகார்ட் பிரிவில் சிறப்பு ஜூரி பரிசு வாங்கியது. திரைக்கதையில் கோபாதியோடு பங்கெடுத்த பத்திரிகையாளர் ரொக்ஸானா சபேரி அந்த வருடம் ஜனவரியில் தெஹ்ரானில் கைதாகி, மே மாதம்தான் வெளியே வந்தார். இதையெல்லாம் தெரிந்துகொண்டு பார்த்தால் சில காட்சிகளில் கேமரா ஏன் அவ்வளவு அவசரப்படுகிறது என்பது புரியும்.

கதை சின்னது. அஷ்கான், நேகார் என்று இரண்டு பேர். சிறையிலிருந்து வெளியே வந்த கையோடு, லண்டனில் ஒரு கச்சேரிக்குப் போகத் துடிக்கிறார்கள். பாஸ்போர்ட் வேண்டும், விசா வேண்டும், குழுவுக்கு ஆள் வேண்டும். நாதெர் என்று ஒருவர் எல்லாவற்றையும் முடித்துத் தருகிறேன் என்று வருகிறார். அவர் தொழில், பாருங்கள், திருட்டு டிவிடி விற்பது. அவர் இவர்களைத் தெஹ்ரான் முழுக்க அழைத்துப்போய் ஒவ்வொரு இசைக் குழுவாகக் காட்டுகிறார். படம் முழுக்க அந்தத் தேடல்தான்.

அஷ்கானும் நேகார் ஷகாகியும் நிஜத்திலேயே 'டேக் இட் ஈஸி ஹாஸ்பிடல்' என்ற பெயரில் இருவராகப் பாட்டு கட்டிக்கொண்டிருந்தவர்கள். படத்தில் அவர்கள் பாடுவது அவர்களுடைய பாட்டுதான். அஷ்கான் தெஹ்ரான் இசைக் கல்லூரியில் முறையாகப் படித்தவர். அதற்கு முன்பே ராக் குழு வைத்திருந்தார், கச்சேரி நடத்தியதற்காகக் கைதாகிச் சிறைக்கும் போனார். ஆகவே படத்தின் முதல் காட்சிகளில் ஜெயிலைப் பற்றி அவர் பேசும்போது வசனம் ஒப்பிக்கிற தொனியே இல்லை. படப்பிடிப்பு முடிந்ததும் இருவரும் நாட்டை விட்டுக் கிளம்பிவிட்டார்கள். லண்டனில் தங்கிவிட்டார் அஷ்கான்.

இசையமைப்பாளர் நடிக்க வந்தால் நமக்கு ஒரு சந்தேகம் வரும். பாட்டுக் காட்சியில் நன்றாக இருப்பார், மற்ற நேரத்தில் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் நிற்பார் என்று. இங்கே அப்படி இல்லை. காரணம், அஷ்கான் இந்தப் படத்தில் செய்வதெல்லாம் கேட்பதுதான். மற்றவர்கள் வாசிக்கிறார்கள், அவர் கேட்கிறார். நாதெர் பேசுகிறார், அவர் கேட்கிறார். நல்ல இசைக்காரர் கேட்கும்போது முகத்தில் ஒன்றும் பெரிதாக நடக்காது. கண் ஒரு இடத்தில் நிலைகுத்தி நிற்கும், அவ்வளவுதான். எங்கள் தியேட்டருக்கு வரும் வயலின் கலைஞர்களிடம் இதைத் தினமும் பார்க்கிறேன். பயிற்சி எடுத்த நடிகருக்கு அது வராது, அவர் தலையாட்டுவார்.

ஒரு காட்சியைச் சொல்ல வேண்டும். நாதெரைப் போலீஸ் பிடித்துக்கொண்டு போய்விடுகிறது, டிவிடிக்களோடு. ஓர் அதிகாரியின் அறையில் விசாரணை. சவுக்கடி என்கிறார் அதிகாரி, அபராதம் என்கிறார். நாதெராக நடிக்கும் ஹாமெத் பெஹ்தாத் அங்கே மூச்சு விடாமல் பேசுகிறார். கெஞ்சுகிறார், அழுகிறார், குடும்பக் கஷ்டத்தைச் சொல்கிறார், பேரம் பேசுகிறார். காய்கறிக் கடையில் விலை குறைப்பதுபோல் தண்டனையைக் குறைத்துக்கொண்டே வருகிறார். சிரிப்பு வரும், சிரித்துக்கொண்டிருக்கும்போதே வயிற்றில் ஏதோ பிசையும். அஷ்கான் அந்த அறைக்கு வெளியே, கதவு இடுக்கு வழியாக இதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார். அவருக்கு வசனம் இல்லை. உள்ளே நடப்பதை நாமும் அவரைப் போலவே பாதிதான் பார்க்கிறோம். மீதியைக் காது நிரப்பிக்கொள்கிறது. 4 முறை ரீவைண்ட் செய்து பார்த்தேன். ஒரு மனிதனை வார்த்தையால் காப்பாற்றிக்கொள்ள முடியுமா என்று வெளியே நின்று கேட்டுக்கொண்டிருக்கும் ஒரு முகம். இதற்கு மேல் நடிப்பு என்று தனியாக என்ன வேண்டும்?

பயிற்சி செய்யும் இடங்களைக் காட்டுகிற காட்சிகள் எனக்கு மிக நெருக்கம். ஒரு ஹெவி மெட்டல் குழு மாட்டுத் தொழுவத்தில் வாசிக்கிறது. ஊருக்கு வெளியே, யார் காதுக்கும் எட்டாத இடம் அதுதான். டிரம்ஸும் டிஸ்டார்ஷன் கிட்டாரும் முழங்க, சுற்றிலும் மாடுகள் நிற்கின்றன. இன்னொரு குழு, 'யெல்லோ டாக்ஸ்', மொட்டை மாடியில் ஒரு அறை கட்டி வைத்திருக்கிறது. பக்கத்து வீட்டார் இல்லாத நேரம் பார்த்துத்தான் வாசிப்பு. இதைப் பார்த்தபோது எங்கள் பழைய வாடகை வீடு ஞாபகம் வந்தது. என் தம்பி டிரம்ஸ் கற்றுக்கொண்ட காலத்தில், சின்ன அறை முழுக்க முட்டை அட்டையை ஒட்டினோம். கீழ்வீட்டுப் பாட்டி அப்படியும் துடைப்பத்தால் கூரையைத் தட்டுவார். பிறகு இந்தத் தொழிலுக்கு வந்த பிறகுதான் எனக்கு விஷயம் தெரிந்தது. முட்டை அட்டை அறைக்குள் அடிக்கும் எதிரொலியைக் கொஞ்சம் உடைக்கும், சத்தம் வெளியே போவதை அது தடுக்காது. தடுக்க வேண்டுமானால் கனம் வேண்டும். இரட்டைச் சுவர், நடுவே காற்று இடைவெளி, கனமான கதவு, ஓட்டை இல்லாத சந்துகள். குறிப்பாக பேஸ் டிரம்மின் சத்தம் காற்றில் மட்டும் போவதில்லை, தரை வழியாகவே அடுத்த வீட்டுக்குப் போய்விடும். எங்களுக்குப் பாட்டியின் துடைப்பத்தோடு போயிற்று. அங்கே போன் அடித்தால் வருவது போலீஸ்.

யெல்லோ டாக்ஸ் பையன்களை இப்போது பார்ப்பது கஷ்டமாக இருக்கிறது. அவர்கள் பிறகு நியூயார்க்கின் புரூக்ளினுக்குப் போய்ச் சேர்ந்தார்கள். 2013 நவம்பரில் அவர்கள் தங்கியிருந்த வீட்டில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் குழுவைச் சேர்ந்த அண்ணன் தம்பி இருவர் இறந்துபோனார்கள். அந்த மொட்டை மாடிக் காட்சியில் அவ்வளவு சிரிப்பு இருக்கிறது. நான் அதைத் தாண்டிப் போக முடியாமல் கொஞ்ச நேரம் நிறுத்தி வைத்தேன்.

ஒலியைப் பற்றிச் சொல்கிறேன். கோபாதி ஒவ்வொரு குழுவுக்கும் ஒரு பாட்டு கொடுத்து, அந்தப் பாட்டின்மேல் தெஹ்ரான் நகரத்தை வெட்டி வெட்டிக் காட்டுகிறார். தெருவோரத்தில் தூங்குபவர்கள், போக்குவரத்து, மேம்பாலம், குழந்தைகள். அறையில் வாசிக்கத் தொடங்கும்போது ஸ்பாட் சவுண்ட் (படப்பிடிப்பு இடத்திலேயே பிடித்த ஒலி) மாதிரி வறண்டு ஒலிப்பது, நகரம் வந்ததும் முழு ஸ்டுடியோ மிக்ஸாக விரிகிறது. அந்த மாற்றம் சில இடங்களில் தெரியவே தெரியாது, அவ்வளவு நன்றாகக் கோத்திருக்கிறார்கள். சில இடங்களில் சட்டென்று மாறித் துருத்திக்கொண்டு நிற்கிறது. ஹிச்காஸ் என்ற ராப் கலைஞர் பாடும் பகுதி இதில் உச்சம். கட்டி முடிக்காத ஒரு கட்டடம், சுவர் இல்லை, கீழே நகரம். ஹிச்காஸ் என்றால் பாரசீகத்தில் 'ஒருவருமில்லை'. பாரசீகம் தெரியாத எனக்கே அந்த வார்த்தைகளின் தாளம் நெஞ்சில் இடித்தது. திருட்டு டிவிடியில் இந்தப் பாட்டின் பேஸ் முழுக்கத் தொலைந்துபோயிருந்தது. அசலில் அது இருக்கிறது. இந்த ஒரு பாட்டுக்காகவே அசல் டிஸ்க் வாங்கலாம் என்பேன்.

குறையும் உண்டு. நடுவில் ஒரு கட்டத்துக்கு மேல் படம் பாட்டுக் காட்சிகளின் வரிசையாகிவிடுகிறது. ஒரு குழு, ஒரு பாட்டு, அடுத்த குழு, அடுத்த பாட்டு. நகரக் காட்சிகளின் வெட்டும் எல்லாப் பாட்டிலும் ஒரே வேகம், மெதுவான பாட்டுக்கும் அதே வேகம். மிக்ஸ் செய்கிறவளாக எனக்கு அது வலித்தது. ஒரு நல்ல குரல் ஒரு வரியை முடிப்பதற்குள் 6 ஷாட் மாறிவிடும். முடிவும் திடுமென்று வருகிறது. அதை இங்கே சொல்லமாட்டேன். நான் 2010-இலிருந்து காத்திருந்து பார்த்த முடிவு, நீங்களும் நேராகவே பாருங்கள்.

இன்னொரு விஷயம் பெண் குரல். லண்டன் கச்சேரிக்கு முன் அவர்கள் கூடப் பாடப் பெண்களைத் தேடுகிறார்கள். ஈரானில் 1979 இஸ்லாமியப் புரட்சிக்குப் பிறகு ஆண்கள் இருக்கும் சபையில் ஒரு பெண் தனியாக நின்று பாட முடியாது. கூட்டாகப் பாடலாம், ஆண் குரலுக்குப் பின்னால் பாடலாம். எந்தக் கச்சேரிக்கும், எந்த ஆல்பத்துக்கும் கலாச்சார அமைச்சகத்தின் அனுமதிச் சீட்டு வேண்டும். 'மொஜவ்வெஸ்' என்பார்கள். நான் கோரஸில் நின்ற 4 வருடத்தில், எப்போதாவது ஒரு வரி தனியாகக் கொடுக்கமாட்டார்களா என்று ஏங்கியிருக்கிறேன். எனக்குக் கிடைக்காமல் போனது வாய்ப்பு. அங்கே அந்த வாய்ப்பே சட்டத்துக்கு வெளியே நிற்கிறது. நேகார் மைக் முன் நின்று பாடும் இடங்களில் நான் வால்யூமைக் கொஞ்சம் ஏற்றி வைத்துக்கொண்டேன்.

சரி, ஆல்பத்துக்கு வருகிறேன்.

படத்தில் கேட்ட மெல்லிய கிட்டார் பாட்டை எதிர்பார்த்து 'ஐ ஏகேஏ ஐ'யைப் போட்டால் முதல் நிமிடமே தூக்கிவாரிப்போடும். லண்டன் போன பிறகு அஷ்கான் முழுக்க எலெக்ட்ரானிக் பக்கம் திரும்பிவிட்டார். 2015-இல் 'கூட்' என்று ஒரு ஆல்பம், அடுத்த வருடம் இது. சத்தத்தை ஒரு பொருள் மாதிரி எடுத்து, உடைத்து, துண்டைப் பெரிதாக்கி, இழுத்து, மறுபடி ஒட்டுகிறார். கண்ணாடி நொறுங்குவதுபோல் ஒன்று, அதன் அடியில் திடீரென்று பேஸ், ஒரு குரலின் பாதி எழுத்து, பிறகு ஆர்கெஸ்ட்ரா தந்திகள் போல ஒன்று எழுந்து வழுக்கிப் போகிறது. தாளம் இருக்கிறது, ஆனால் காலால் தட்டினால் நாலாவது தட்டில் ஏமாற்றிவிடும். சத்தங்களை நிறமாகவும் வடிவமாகவும் உணர்கிற இயல்பு தனக்கு உண்டு என்று அவர் சொல்லியிருக்கிறார். கேட்டால் நம்பத் தோன்றும்.

முதல் தடவை டப்பிங் முடிந்து எல்லோரும் போன பிறகு, இரவு 10 மணிக்கு எங்கள் மிக்ஸிங் அறையில் போட்டேன். என் உதவியாளர் சுவரோரம் உட்கார்ந்து கேட்டான். மூன்றாவது பாட்டில் எழுந்து வந்து, "அக்கா, ஸ்பீக்கர்ல கோளாறா?" என்றான். இல்லையென்றேன். "அப்ப இது வேணும்னே பண்ணதா?" என்று கேட்டுவிட்டு மறுபடி போய் உட்கார்ந்தான். முடியும்வரை எழுந்திருக்கவில்லை.

அவன் கேட்டது சரியான கேள்வி. எங்கள் வேலையில் ஒரு குரலில் கிளிக் வந்தால், இரைச்சல் வந்தால், எழுத்து வெட்டுப்பட்டால் அதைத் தேடித் தேடி அழிப்போம். அஷ்கான் அந்தக் கிளிக்கை எடுத்து நடுவில் உட்கார வைக்கிறார். 19 வருடமாக நான் குப்பையில் போட்டதையெல்லாம் ஒருவர் பொறுக்கி வீடு கட்டியிருப்பது போலிருந்தது. அந்த வீட்டுக்குள் சில நேரம் ஒரு மெட்டு தலை காட்டும். நம் சுரத்துக்கும் அவர்கள் சுரத்துக்கும் நடுவே எங்கோ வளைகிற, கால் சுரம் குறைந்து நிற்கிற ஒரு மெட்டு. இரண்டு நொடிதான். அதைப் பிடிக்கப் போனால் கரைந்துவிடும்.

எல்லாப் பாட்டும் ஒரே தரம் என்று சொல்லமாட்டேன். பாதிக்கு மேல் சில பாட்டுகள் தொழில்நுட்ப வித்தையாகவே நின்றுவிடுகின்றன, உள்ளே ஆள் இல்லை. ஆனால் மனசுக்குப் பட்ட இடங்களில் ஆழமாகவே பட்டது. படத்தைப் பார்த்துவிட்டுக் கேட்டதால் எனக்கு ஒன்று தோன்றியது. மூடிய அறைகளில், வெளியே கேட்டுவிடுமோ என்ற பயத்தோடு, ஒவ்வொரு சத்தத்தையும் அளந்து அளந்து வாசித்துப் பழகிய காது இது. அந்தக் காதுக்குச் சின்னச் சத்தமும் பெரிது. யாரும் கதவைத் தட்டமாட்டார்கள் என்கிற ஊருக்கு வந்ததும், அந்தச் சின்னச் சத்தத்தை மலையளவுக்குத் தூக்கிக் காட்டுகிறார்.

2018-இல் அவர் 'யோனா' என்று ஒரு பாடகியை அறிமுகப்படுத்தினார். யோனா மனுஷி இல்லை. கம்ப்யூட்டர் உருவாக்கிய குரல், கம்ப்யூட்டர் உருவாக்கிய முகம். பாட்டு வரிகளிலும் மெட்டிலும் மென்பொருளின் பங்கு உண்டு. செயற்கை நுண்ணறிவுக் குரல்கள் இன்று எங்கள் டப்பிங் தியேட்டர் வாசல்வரை வந்துவிட்டன, அதனால் எனக்கு அதில் பயமும் இருக்கிறது. என் தோழிகள் பலருக்குக் குரல்தான் சோறு. ஆனாலும் யோனாவைக் கேட்கும்போது அந்தப் படத்தில் பெண் குரலுக்காக வீடு வீடாக அலைந்த பையன்தான் கண்முன் வந்தான். உடம்பே இல்லாத ஒரு பெண்ணுக்கு எந்த அமைச்சகமும் மொஜவ்வெஸ் கேட்க முடியாது.

ஈரானிய சினிமா இசை என்றால் நம்மில் பலருக்குத் தெரிந்த வழி இயக்குநர் மஜித் மஜிதி வழிதான். அவருடைய 'முஹம்மத்' படத்துக்கு ஏ.ஆர்.ரஹ்மான் இசையமைத்தார், 2015-இல். கோபாதி முன்பு எடுத்த 'டர்டில்ஸ் கேன் ஃப்ளை'க்கு, 'தார்' என்ற தந்தி வாத்தியத்தில் மேதையான ஹொசேன் அலிசாதே. அந்த மரபு இசை அழகு, அதில் எனக்கு மறுபேச்சு இல்லை. அஷ்கான் வருவது அந்த வழியில் இல்லை, நிலவறை வழியில். அதனால் "பாரசீக இசை கேட்கணும்" என்று இந்த ஆல்பத்தை வாங்கினால் ஏமாந்துபோவீர்கள். அவர்கள் அலிசாதேயிடம் போகட்டும்.

வாங்குகிறவர்களுக்கு: படத்தை முதலில் பாருங்கள். ஒலி நன்றாக இருக்கும் இடத்தில் பாருங்கள், லேப்டாப் ஸ்பீக்கர் வேண்டாம். பத்து வயதுக்குக் கீழே பிள்ளைகள் இருந்தால் முடிவுக் காட்சிக்கு முன் தூங்க வைத்துவிடுங்கள். ஆல்பத்துக்கு ஒரு நாள் இடைவெளி விடுங்கள். மொபைல் ஸ்பீக்கரில் கேட்டால் அதில் பாதி இருக்காது. நல்ல மூடிய ஹெட்ஃபோன் போதும், இருட்டில் கேட்டால் இன்னும் நல்லது. எம்பி3 வேண்டாம், சுருக்காத ஃபைலாக இறக்குங்கள். இவ்வளவு நுணுக்கமாக உடைத்த சத்தத்தைச் சுருக்கினால் ஓரங்கள் மழுங்கிவிடும், இதில் ஓரங்கள்தான் சரக்கு.

நேற்று ராத்திரி மறுபடி டிவிடியைப் போட்டு அந்த விசாரணை அறைக் காட்சிக்குப் போனேன். சப்டைட்டிலை நிறுத்திவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டேன். நாதெரின் குரல் ஏறுகிறது, உடைகிறது, குழைகிறது. அதிகாரியின் குரல் ஒரே மட்டத்தில் இருக்கிறது. அஷ்கானின் பக்கமிருந்து சத்தமே இல்லை. ஹெட்ஃபோனில் வால்யூமை இன்னும் ஒரு புள்ளி ஏற்றிப் பார்த்தேன்.